ரயில்வே கேட்டில் நடந்த கதை: நிரஞ்சன் பாலின் திரையெழுத்து

1908 மார்ச் 9 அன்று பக்ஸர் சிறையிலிருந்து பிபின் சந்திர பால் வெளியே வந்தார். அரவிந்தர் மீது தொடுக்கப்பட்ட 'வந்தே மாதரம்' வழக்கில் சாட்சி சொல்ல மறுத்ததற்காக ஆறு மாதம் உள்ளே இருந்தவர். அவருடைய விடுதலையைத் திருநெல்வேலிச் சீமையில் விழாவாகக் கொண்டாட முனைந்த வ.உ.சிதம்பரனாரும் சுப்பிரமணிய சிவாவும் மூன்றாம் நாள் கைதானார்கள். அடுத்த நாள் திருநெல்வேலி கொந்தளித்தது; துப்பாக்கிச் சூட்டில் நான்கு பேர் உயிர் போயிற்று. அதற்கு முந்தைய ஆண்டு மே மாதம் சென்னைக் கடற்கரையில் பால் சொற்பொழிவாற்றியபோது கூடிய கூட்டத்தைப் பற்றியும், அந்த வருகைக்காகப் பாரதியார் ஓடியாடி வேலை செய்ததைப் பற்றியும் தமிழில் நிறைய எழுதியாகிவிட்டது. தமிழ்நாட்டுச் சுதந்திரப் போராட்ட வரலாற்றில் அந்த வங்காளியின் பெயர் தவிர்க்க முடியாதது.

அவருடைய மகன் நிரஞ்சன் பாலைப் பற்றி அநேகமாக யாரும் பேசுவதில்லை. இத்தனைக்கும் இந்தியச் சினிமா வெளிநாட்டுத் திரைகளில் முதன்முதலாகப் பேரெடுத்த மூன்று மௌனப் படங்களுக்குக் கதை தந்தவர் அவர். தீண்டாமையைப் பற்றி இந்தியில் வந்த முதல் பெரிய வெற்றிப் படமான 'அசூத் கன்யா'வின் கதையும் அவருடையதே. படங்களின் பெயர் சொன்னால் ஹிமான்ஷு ராய், தேவிகா ராணி, அசோக் குமார், ஜெர்மன் இயக்குநர் ஃபிரான்ஸ் ஆஸ்டன் என்று வரிசையாக நினைவு வரும். கதையை எழுதியவரைத் தேடித்தான் கண்டுபிடிக்க வேண்டியிருக்கிறது.

இதற்கு ஒரு காரணம் நம் ரசனைப் பழக்கத்திலும் இருக்கிறது. தமிழில் சினிமா எழுத்தாளர் என்றால் வசனகர்த்தா. 'அம்பிகாபதி'க்கு (1937) இளங்கோவன் எழுதிய வசனத்தில் தொடங்கி, 'வேலைக்காரி', 'பராசக்தி' வரை, எழுதியவரின் பெயரைக் காதால் கேட்டே ரசிகர்கள் தெரிந்துகொண்டார்கள். நிரஞ்சன் பால் நேர் எதிரான வகை. மௌனப் படக் காலத்தில் அவர் எழுதியவற்றில் பேச்சே கிடையாது. பேசும் படம் வந்த பிறகும் அவர் எழுதியது ஆங்கிலத்தில். இந்தி வசனமும் பாட்டும் ஜே.எஸ்.காஷ்யப் போன்றவர்கள் கை. பாலின் எழுத்து படத்தில் ஒரு சொல்லாகக்கூடக் கேட்காது. எந்தக் காட்சிக்குப் பின் எது வர வேண்டும், யார் எதை இழக்க வேண்டும், கதையை யார் யாருக்குச் சொல்ல வேண்டும் என்ற கட்டுமானத்தில் மட்டுமே அது இருக்கிறது. அந்தக் கட்டுமானத்தைப் படம் படமாகப் பின்தொடர்ந்தால், ஒரே கேள்வியைப் பல வருடம் விடாமல் எழுதிப் பார்த்த ஒருவரைச் சந்திக்கலாம். பிறப்பால் ஒரு மனிதருக்கு விதிக்கப்பட்ட இடம் மாறுமா என்பதே அந்தக் கேள்வி.

அது அவருடைய வீட்டுக்குள்ளேயே இருந்த கேள்வி. பிபின் சந்திர பால் பிரம்ம சமாஜத்தில் சேர்ந்து, சாதி ஆசாரங்களைத் துறந்து, விதவை ஒருவரை மணந்தவர். அதற்காகச் சொந்தத் தகப்பனாரே அவரை ஒதுக்கிவைத்தார். 1889 ஆகஸ்டு 17 அன்று பிறந்த நிரஞ்சன், சாதியை மீறியதற்கு ஒரு குடும்பம் என்ன விலை கொடுக்க வேண்டியிருக்கும் என்பதைக் கேட்டே வளர்ந்திருக்க வேண்டும்.

சிறையிலிருந்து விடுதலையான பிபின் சந்திர பால் 1908இல் இங்கிலாந்து போய் 1911 வரை அங்கே தங்கினார். இளைஞன் நிரஞ்சனுக்கும் லண்டன் வாழ்க்கை அமைந்தது. அவன் போய்ச் சேர்ந்த கூட்டம் அப்பாவுடையது அல்ல. ஹைகேட்டில் இருந்த 'இந்தியா ஹவுஸ்' மாணவர் விடுதி அப்போது சாவர்க்கரின் கோட்டை. நம் வ.வே.சு. ஐயர் அங்கேதான் இருந்தார், எம்.பி.டி.ஆச்சார்யாவும் இருந்தார். பஞ்சாபிலிருந்து பொறியியல் படிக்க வந்த மதன்லால் திங்ராவும் அந்த வட்டத்தில் ஒருவர். நிரஞ்சன் இவர்களோடு நெருங்கிப் பழகினான். 1909 ஜூலை 1 அன்று பிரிட்டிஷ் அதிகாரி கர்சன் வைலியைத் திங்ரா சுட்டுக் கொன்றார். ஆகஸ்டு 17 அன்று பென்டன்வில் சிறையில் அவரைத் தூக்கிலிட்டார்கள். நிரஞ்சனுக்கு அன்றுதான் இருபது வயது நிறைந்தது.

துப்பாக்கி வழியை அப்பா ஏற்கவில்லை. மகனோ சாவர்க்கரை விட்டு விலகவில்லை. அந்த ஆண்டுக் கடைசியில் பிரைட்டன் கடற்கரையில் உட்கார்ந்து, தாய்நாட்டுக்குத் திரும்ப ஏங்கி மராத்தியில் சாவர்க்கர் பாட்டுக் கட்டியபோது பக்கத்தில் இருந்தவன் நிரஞ்சன்தான். மகாராஷ்டிரத்தில் இன்றும் பாடப்படும் அந்தப் பாட்டு பிறந்த கதைக்கு நேர்சாட்சி இந்த வங்காள இளைஞன். அடுத்த மார்ச்சில் சாவர்க்கர் கைதானார், வட்டம் கலைந்தது. ஐயர் தப்பிப் புதுச்சேரி வந்து சேர்ந்தார். நிரஞ்சன் லண்டனிலேயே தங்கி நாடகம் எழுதவும் சினிமாவுக்குக் கதை எழுதவும் கிளம்பினார்.

புரட்சியை விட்டுப் பொழுதுபோக்குக்குப் போனவர் என்று இதைச் சுருக்கிவிட முடியாது. அந்தக் காலத்து லண்டன் நாடக மேடையிலும் சினிமாவிலும் இந்தியா என்றால் பாம்பாட்டி, சதிகாரச் சாமியார், கொடூர ராஜா. அந்தப் பாத்திரங்களிலும் வெள்ளைக்காரர்கள்தான் முகத்தில் கறுப்புச் சாயம் பூசிக்கொண்டு நடித்தார்கள். இந்தியர் எழுதிய கதையில் இந்தியரே நடிக்க வேண்டும் என்று நிரஞ்சன் பால் பிடிவாதமாக நின்றார். 1915இலேயே 'த ஃபெய்த் ஆஃப் எ சைல்ட்' என்ற பிரிட்டிஷ் மௌனப் படத்துக்கு அவர் கதை எழுதியிருக்கிறார். ஆனால் பெயர் பரவியது 1922இல் 'த காடஸ்' நாடகம் மேடையேறியபோதுதான். 'இந்தியன் ப்ளேயர்ஸ்' என்ற பெயரில், முழுக்க இந்தியர்களே நடித்த நாடகம் அது. லண்டன் நாடக வட்டாரத்தின் மையமான வெஸ்ட் எண்டில் டியூக் ஆஃப் யார்க் அரங்கு வரை போயிற்று. காளி கோயில் ஒன்று, அங்கே ஒரு பூசாரி, அவன் தெய்வமாக்கிவிடும் ஒரு பிச்சைக்காரப் பெண். இதுதான் நாடகத்தின் கரு. ஊரார் பார்வையில் ஒன்றுமில்லாதவளாக இருந்தவள் ஒரே நாளில் கும்பிடத் தக்கவள் ஆகிறாள். இடையில் அவளிடம் எதுவும் மாறவில்லை, பார்க்கிறவர்கள்தான் மாறினார்கள். பாலின் கேள்வி முதல் தடவையாகத் தெளிவான உருவம் எடுத்தது இங்கே.

அந்த நாடகத்தில் முக்கிய வேடம் போட்டவர், சட்டம் படிக்க லண்டன் வந்திருந்த ஹிமான்ஷு ராய். சாந்திநிகேதனில் படித்தவர், பேச்சு சாமர்த்தியமும் பணம் புரட்டும் திறமையும் உள்ளவர். எழுத ஒருவர், நடத்திக் காட்ட ஒருவர் என்று கூட்டு அமைந்தது. எட்வின் ஆர்னால்டின் புகழ்பெற்ற காவியத்தை அடியொற்றிப் புத்தர் வாழ்க்கையைத் திரைக்கதையாக எழுதினார் பால். அதை எடுத்துக்கொண்டு ராய் ஜெர்மனிக்குப் போனார். மியூனிக்கின் எமெல்கா நிறுவனத்தோடு ஏற்பாடு முடிந்தது: கேமராவும் தொழில்நுட்பக் கலைஞர்களும் அவர்கள் பொறுப்பு, இந்தியாவில் ஆகும் செலவு இந்தியர் பொறுப்பு. அந்தப் பணம் டில்லியில் கிரேட் ஈஸ்டர்ன் ஃபிலிம் கார்ப்பரேஷன் என்ற கம்பெனியாகத் திரண்டது. 1925இல் ஃபிரான்ஸ் ஆஸ்டன் தன் ஆட்களுடன் பம்பாயில் வந்து இறங்கினார். ஜெய்ப்பூர் மகாராஜா யானை, குதிரை, நகை, ஆடை, அரண்மனை எல்லாவற்றையும் திறந்துவிட்டார். செட் போடவில்லை; வெயில்தான் விளக்கு. புத்தராக ஹிமான்ஷு ராய். புத்தரின் மனைவி கோபாவாக, கல்கத்தாவின் ஆங்கிலோ-இந்தியக் குடும்பத்துச் சிறுமி ரெனே ஸ்மித், சீதா தேவி என்ற பெயரில்.

'லைட் ஆஃப் ஏசியா' என்ற அந்தப் படம், இந்தியில் 'பிரேம் சந்நியாஸ்', ஐரோப்பாவில் பெரிய பேச்சாயிற்று. லண்டன் ஃபில்ஹார்மானிக் ஹாலில் மாதக்கணக்கில் ஓடியது. 1926 ஏப்ரலில் வின்ட்ஸர் கோட்டையில் ஐந்தாம் ஜார்ஜ் மன்னருக்குப் போட்டுக் காட்டினார்கள். திங்ராவின் தோழன் எழுதிய கதையைப் பதினேழு வருடம் கழித்துச் சக்கரவர்த்தி பார்த்தார்! கீழை நாடுகளில் வரவேற்பு வேறு மாதிரி இருந்தது. புத்த பகவானாக ஒரு மனிதன் நடிப்பதா என்ற எதிர்ப்பால் இலங்கையில் படத்துக்குத் தடை விழுந்தது. இந்தியச் சினிமாவின் நிலையை ஆராய 1927இல் சென்னை வக்கீல் டி.ரங்காச்சாரியார் தலைமையில் அரசு அமைத்த விசாரணைக் குழுவின் முன்னும் இந்தப் படம் பேசப்பட்டது. ஹிமான்ஷு ராயும் அங்கே சாட்சியம் அளித்தார்.

படத்தின் தொடக்கத்தை உன்னிப்பாகப் பார்க்க வேண்டும். தொப்பி போட்ட ஐரோப்பியச் சுற்றுலாப் பயணிகள் இந்திய நகரங்களை வேடிக்கை பார்த்துக்கொண்டே புத்தகயா வந்து சேர்கிறார்கள். போதி மரத்தடியில் ஒரு முதியவர். அவர் அவர்களுக்குச் சொல்லத் தொடங்குவதுதான் புத்தரின் கதை. மேல்நாட்டுப் பார்வையாளரைக் கைப்பிடித்து உள்ளே அழைத்துப் போக இப்படி ஒரு வாசல் வேண்டியிருந்தது என்று வியாபாரக் காரணம் சொல்லலாம்; அது உண்மையும்தான். வெளியாள் வந்து நிற்க, உள்ளூர்க் கிழவர் கதை சொல்லும் இந்த அமைப்பைப் பால் மறக்கவில்லை. பதினோரு வருடம் கழித்து இதே வாசலை வேறு ஊரில் வைத்தார். அதைப் பிறகு பார்ப்போம்.

இரண்டாவது படம் 'ஷிராஸ்' (1928). தாஜ்மகால் எழுந்த கதை என்று பால் கற்பனை செய்தது. பாலைவனத்தில் ஒரு வணிகக் கூட்டத்தைக் கொள்ளையர் தாக்குகிறார்கள். தப்பிப் பிழைத்த பெண் குழந்தையை ஒரு குயவர் எடுத்து வளர்க்கிறார். செலிமா என்ற அந்தப் பெண்ணும் குயவர் மகன் ஷிராஸும் ஒன்றாக வளர்கிறார்கள். அடிமை வியாபாரிகள் அவளைத் தூக்கிப்போய் விற்றுவிட, இளவரசர் குர்ரம் வாங்குகிறார். பின்னாளில் ஷாஜகான் ஆகப்போகிறவர். அவளைத் தேடி ஷிராஸ் ஆக்ரா வந்து அரண்மனை வாசலில் காத்துக் கிடக்கிறான். இளவரசருக்கு அவள் மேல் காதல்; ஆனால் வாங்கி வந்த அடிமையை எப்படி மணப்பது? அரண்மனைச் சூழ்ச்சியில் சிக்கும் ஷிராஸுக்கு யானைக் காலில் இடற வேண்டும் என்று தண்டனை. ஷிராஸாக நடித்து மண்ணில் கிடக்கும் ஹிமான்ஷு ராயின் தலைக்கு மேல் நிஜ யானையின் பாதம் இறங்குவதைப் பார்க்கும்போது இன்றைக்கும் மூச்சு முட்டும்.

கடைசி நொடியில் ஷிராஸ் தப்புகிறான். செலிமாவிடம் இருக்கும் ஒரு தாயத்து அவள் ராஜ வம்சத்தவள் என்று காட்டிக்கொடுக்கிறது. முடிச்சு அவிழ்ந்தது, கல்யாணம் நடந்தது, அவளே மும்தாஜ் மகால் ஆனாள்.

மனதுக்கு இதமான தீர்வு, ஆனால் கோழைத்தனமான தீர்வும்கூட. பிறப்பின் சுவரை இடிக்காமல், அவள் எப்போதுமே சுவருக்கு உட்புறம் இருந்தவள்தான் என்று சொல்லிக் கதை நழுவிக்கொள்கிறது. நாட்டுப்புறக் கதையிலிருந்து கம்பெனி நாடகம் வரை எல்லாரும் கையாண்ட பழைய உபாயம். ஆனால் பால் அதோடு நிறுத்தவில்லை. தாயத்து இல்லாத ஷிராஸ் என்ன ஆகிறான் என்று தொடர்ந்து போகிறார். ஆண்டுக்கணக்கில் அவன் வாசலிலேயே கிடந்து முதுமை அடைகிறான். மும்தாஜ் இறந்ததும் நினைவு மண்டபத்துக்கு மாதிரி கேட்டுச் சக்கரவர்த்தி அறிவிக்கிறார். தேர்வாவது குயவர் மகன் செய்தது. இதைப் போல இன்னொன்று எழக் கூடாது என்று அவனைக் குருடாக்க உத்தரவாகிறது. அவன் ஏற்கெனவே பார்வை இழந்தவன் என்பது அப்போதுதான் தெரிகிறது. உலகமே வியக்கும் கட்டடத்தின் பெருமையைப் பேரரசரிடமிருந்து எடுத்து, மண் மிதித்தவனின் கையில் கொடுத்திருக்கிறார் கதாசிரியர். வரலாற்று ஆதாரம் இதற்கு எதுவும் கிடையாது. உழைப்பாளிக்குச் சேர வேண்டிய பேரை ஆளுகிறவர் எடுத்துக்கொள்வார் என்ற எண்ணம் மட்டும் அழுத்தமாக இருக்கிறது.

1929இல் வந்த 'எ த்ரோ ஆஃப் டைஸ்', இந்தியில் 'பிரபஞ்ச பாஷ்', மகாபாரதச் சூதாட்டத்தை இரண்டு ராஜாக்களின் போட்டியாக மாற்றிய படம். நடுவில் முனிவர் மகள் சுனிதா. பத்தாயிரத்துக்கு மேற்பட்ட துணை நடிகர்கள், ஆயிரம் குதிரைகள், ஐம்பது யானைகள் என்று விளம்பரம் செய்தார்கள். கண்ணுக்கு விருந்து, கதை என்று பார்த்தால் மூன்றில் இதுதான் மெலிவு. ஏமாற்றுத் தாயம் அம்பலமானதும் தீயவன் மலையிலிருந்து குதித்துச் சாகிறான், எல்லாம் சுபம். ஆடை அலங்காரத்திலும் அரங்க அமைப்பிலும் உதவி செய்யச் சேர்ந்த இளம்பெண் தேவிகா ராணி ஹிமான்ஷு ராயை மணந்துகொண்டது, படத்தைவிடப் பின்விளைவு மிகுந்த சம்பவம்.

படம் வெளியான வேளையில் திரை பேசத் தொடங்கிவிட்டது. ஐரோப்பாவோடு கூட்டுச் சேர்ந்து மௌனப் படம் எடுக்கும் வழி அடைபட்டது. ஜெர்மனியில் ஹிட்லர் ஆட்சிக்கு வர, ராயும் தேவிகா ராணியும் இந்தியா திரும்பினார்கள். 1934இல் பம்பாய்க்கு வெளியே மலாடில் 'பாம்பே டாக்கீஸ்' எழுந்தது. ஃபிரான்ஸ் ஆஸ்டன் இயக்கம், யோசஃப் விர்ஷிங் கேமரா, கார்ல் ஃபான் ஸ்ப்ரெட்டி அரங்க அமைப்பு என்று தொழில்நுட்பம் ஜெர்மானியர் கையில். இசை சரஸ்வதி தேவி என்ற பெயரில் வந்த ஒரு பார்சிப் பெண்மணி. கதை இலாகா நிரஞ்சன் பால்.

வேலை நடந்த விதம் விசித்திரமானது. வங்காளி ஆங்கிலத்தில் கதை எழுதுவார். காஷ்யப் அதற்கு இந்தியில் உயிர் கொடுப்பார். இந்தி தெரியாத ஜெர்மானியர் இயக்குவார். இப்படி ஒரு ஏற்பாட்டில் வசனத்தின் நயத்தை நம்பிப் படம் எடுக்க முடியாது. காட்சியைப் பார்த்தாலே கதை புரிய வேண்டும். மௌனப் படத்தில் பழகிய பாலுக்கு அது கைவந்த கலை. முதல் படம் 'ஜவானி கீ ஹவா' (1935) ஓடும் ரயிலில் நடக்கும் கொலை மர்மம். அடுத்து 'ஜீவன் நையா' (1936): நாட்டியக்காரியின் மகள் என்று தெரிந்ததும் மனைவியை விரட்டுகிற கணவன், பிறகு விபத்தில் பார்வை இழக்கிறான், யாரென்று தெரியாமல் அவளுடைய பராமரிப்பிலேயே கிடக்கிறான். மறுபடியும் பிறப்பு. ஆனால் இந்தத் தடவை தாயத்து எதுவும் கிடையாது. அவள் நாட்டியக்காரியின் மகள்தான். மாற வேண்டியவன் அவன்.

இந்தப் படத்தின் கதாநாயகனாக இருந்த நஜ்முல் ஹசனும் தேவிகா ராணியும் கல்கத்தாவுக்கு ஓடிப்போன கதையும், தேவிகா ராணியைத் திரும்ப அழைத்து வந்ததும், லேபரட்டரியில் வேலை பார்த்துக்கொண்டிருந்த அசோக் குமாரைப் பிடித்துக் கதாநாயகன் ஆக்கியதும் ஊரறிந்த சங்கதி. தேவிகா ராணி - அசோக் குமார் ஜோடி அதே ஆண்டில் நடித்த இன்னொரு படம், 'அசூத் கன்யா'. தீண்டப்படாத கன்னி என்று அர்த்தம். பால் ஆங்கிலத்தில் எழுதிய மூலக் கதைக்கு 'த லெவல் கிராஸிங்' என்று பெயர்.

இரவு நேரம். காரில் வந்த நகரத்துத் தம்பதி, சாத்தியிருக்கும் ரயில்வே கேட்டின் முன் நிற்கிறார்கள். ஓரத்தில் ஒரு பெண்ணின் நினைவிடம். அங்கே இருக்கும் முதியவர் அவளுடைய கதையைச் சொல்கிறார். புத்தகயாவில் வைத்த அதே வாசல்! ஆனால் நின்று கேட்கிறவர்கள் மாறிவிட்டார்கள். அன்று வெள்ளைக்காரப் பயணிகளுக்கு இந்தியாவைச் சொன்னவர், இன்று நம் நகரத்துப் படித்தவர்களுக்கு நம் கிராமத்தைச் சொல்கிறார். பாலின் பத்தாண்டுப் பயணம் முழுவதும் இந்த மாற்றத்துக்குள் இருக்கிறது.

கேட் கீப்பர் துக்கியா தீண்டப்படாத சாதி. பலசரக்குக் கடைக்காரர் மோகன் பிராமணர். மோகனைப் பாம்பு கடித்தபோது விஷத்தை வாயால் உறிஞ்சிக் காப்பாற்றியவர் துக்கியா. அன்றிலிருந்து இருவரும் சிநேகிதர். துக்கியாவின் மகள் கஸ்தூரியும் மோகனின் மகன் பிரதாபும் ஒன்றாக வளர்ந்து ஒருவரையொருவர் நேசிக்கிறார்கள். கல்யாணம் நடக்காது என்பது இருவருக்கும் தெரியும்; பெரியவர்களுக்கும் தெரியும். பிரதாபுக்கு மீராவைக் கட்டிவைக்கிறார்கள். துக்கியாவுக்கு உடம்பு சரியில்லாமல் போக, மோகன் அவரைத் தன் வீட்டிலேயே கொண்டுவந்து கிடத்துகிறார். ஊர் வைத்தியர் பாபுலால் தூண்டிவிட, கூட்டம் வந்து வீட்டுக்குத் தீ வைக்கிறது. மோகனுக்குப் பலத்த அடி. டாக்டரைக் கூட்டிவர வேறு வழி இல்லாத துக்கியா, சிவப்புக் கொடியைக் காட்டி மெயில் ரயிலை நிறுத்துகிறார். அந்தக் குற்றத்துக்கு வேலை போகிறது. அந்த இடத்துக்கு வரும் மன்னுவுக்குக் கஸ்தூரியைக் கொடுக்கிறார்கள். பிறகு ஒரு திருவிழா, ஒரு சூழ்ச்சி, அதிலிருந்து ஒரு வதந்தி. கேட்டுக்கு நடுவில், தண்டவாளத்தின் மேல், மாட்டு வண்டியில் மன்னுவும் பிரதாபும் கட்டிப் புரள்கிறார்கள். ரயில் வருகிறது. கஸ்தூரி இரண்டு கையையும் விரித்துக்கொண்டு ரயிலை நோக்கி ஓடுகிறாள்.

இந்தக் கதையில் ரயில் இரண்டு தடவை நிறுத்தப்படுகிறது என்பதைக் கவனிக்க வேண்டும். முதலில் அப்பா, ஒரு பிராமணரின் உயிருக்காக, வேலை போயிற்று. இரண்டாவது மகள், கணவனுக்காகவும் காதலித்தவனுக்காகவும், உயிர் போயிற்று. முதல் நிறுத்தத்தைப் பார்த்துவிட்ட ரசிகருக்கு, இந்த ரயிலை நிறுத்தினால் தண்டனை உண்டு என்பது இரண்டாவது தடவை யாரும் சொல்லாமலே தெரியும். வசனமில்லாமல் கட்டுமானத்தாலேயே எழுதுவது இப்படித்தான்.

கேட்டைத் தேர்ந்தெடுத்ததிலும் ஆழ்ந்த யோசனை இருக்கிறது. ரயில்வே சட்டத்துக்குச் சாதி தெரியாது. துக்கியாவின் கையில் இருக்கும் கொடிக்கு மெயிலும் நிற்கும். அவர் சாத்தினால் ஊர்ப் பெரிய மனிதரின் வண்டியும் நிற்கும். அதே துக்கியா நோயாளியாகக் கேட்டைத் தாண்டி ஒரு வீட்டுக்குள் போனால் அந்த வீடு எரிகிறது. ஊரின் சட்டம் மோகனைத் தண்டிக்கிறது, சர்க்கார் சட்டம் துக்கியாவைத் தண்டிக்கிறது. இரண்டு பேரும் செய்தது ஒரே காரியம்: சிநேகிதனைக் காப்பாற்றியது. வேறெந்த இடத்தில் கதையை வைத்திருந்தாலும் இந்த இரண்டு சட்டங்களும் இவ்வளவு நெருக்கமாக முட்டிக்கொண்டிருக்காது.

படம் வந்த வேளையையும் நினைக்க வேண்டும். 1932இல் பூனா ஒப்பந்தம். 1935 அக்டோபரில் இயோலாவில் அம்பேத்கர், இந்துவாகச் சாக மாட்டேன் என்று அறிவித்துவிட்டார். 1936 நவம்பரில் திருவிதாங்கூரில் கோயில் நுழைவுப் பிரகடனம். தமிழில் கே.பி.சுந்தராம்பாள் நந்தனாராக நடித்த படம் அதற்கு முந்தைய ஆண்டு வந்திருந்தது. லண்டனில் நிரஞ்சன் பாலோடு ஒரே வட்டத்தில் இருந்த வ.வே.சு. ஐயர் சேரன்மாதேவியில் குருகுலம் நடத்தி, பிராமணப் பிள்ளைகளுக்குத் தனிச் சாப்பாடு போட்ட விவகாரத்தில் தமிழ்நாட்டுக் காங்கிரஸே பிளந்தது அதற்கு முந்தைய பத்தாண்டில்தான். தேச விடுதலைக்காக ஒன்றாக நின்றவர்களையும் சாதி என்ற கேள்வி வெவ்வேறு இடத்தில் கொண்டுபோய் நிறுத்தியது. நந்தனார் கதையில் நெருப்பில் மூழ்கி எழுந்து புனிதரான பிறகே சந்நிதி திறக்கிறது. பாலின் கதையில் தெய்வம் குறுக்கே வரவில்லை.

பம்பாயில் ஜவாஹர்லால் நேருவும் சரோஜினி நாயுடுவும் 'அசூத் கன்யா'வை வந்து பார்த்தார்கள். மரத்தடியில் தேவிகா ராணியும் அசோக் குமாரும் சொந்தக் குரலில் பாடிய பாட்டு நாடெங்கும் பரவியது. தேவிகா ராணியின் திருத்திய புருவத்தையும் நாகரிகத் தோற்றத்தையும் பார்த்து, இவர் எப்படிக் கேட் கீப்பர் மகள் என்ற கேள்வி எழத்தான் செய்கிறது. அது நியாயமான கேள்வி. அதைவிடப் பெரிய குறை கதையிலேயே இருக்கிறது. கஸ்தூரி ஏன் சாக வேண்டும்? உயிரோடு இருக்கும்போது தள்ளிவைத்தவளுக்குச் செத்த பிறகு நினைவிடம் கட்டுகிறார்கள். 'த காடஸ்' நாடகத்தில் பிச்சைக்காரியைத் தெய்வமாக்கிய அதே மனப்போக்கு. தாழ்த்தப்பட்ட பெண் தியாகத்தால்தான் உயர முடியும் என்ற சிந்தனையிலிருந்து பாலால் கடைசி வரை வெளியே வர முடியவில்லை. சீர்திருத்தக்காரரின் இரக்கம் அவரிடம் நிறைய இருந்தது. கஸ்தூரி தனக்கென்று ஏதாவது கேட்டுச் சண்டை போடுவாள் என்று அவருக்குத் தோன்றவில்லை.

ஆனாலும் 'ஷிராஸ்' படத்தோடு வைத்துப் பார்க்கும்போது அவர் கடந்த தூரம் தெரிகிறது. 1936இல் கஸ்தூரியின் கழுத்தில் தாயத்து இல்லை. சின்ன வயதில் காணாமல் போன பிராமணக் குழந்தை அவள் என்று கடைசி ரீலில் யாரும் ஓடிவந்து சொல்வதில்லை. பிறகு பல ஆண்டுகள் இந்தியச் சினிமா அந்தத் தந்திரத்தைத் தயங்காமல் செய்துகொண்டிருந்ததை நினைத்தால், பால் தன் கதாநாயகியைப் பிறந்த இடத்திலேயே விட்டுவைத்தது சாதாரணத் துணிச்சல் அல்ல.

'ஜன்மபூமி', 'இஸ்ஸத்', 'சாவித்ரி' என்று வேகவேகமாக வேலை நடந்தது. பிறகு ராயோடு மனக்கசப்பு. 'லைட் ஆஃப் ஏசியா' காலத்திலிருந்தே படத்தின் பெருமை முழுக்க நடித்தவருக்கும் இயக்கியவருக்கும் போய்ச் சேர்ந்ததில் பாலுக்கு வருத்தம் உண்டு. பாம்பே டாக்கீஸை விட்டுக் கல்கத்தா போனார். அங்கே அரோரா நிறுவனத்தோடு சேர்ந்து வேலை செய்தார். 1940களின் தொடக்கத்தில் சில வங்காளப் படங்களை இயக்கவும் செய்தார். அவற்றில் எதுவும் பெரிதாகப் போகவில்லை. போர் மூண்டதும் ஜெர்மானியர் குழு கலைந்தது. 1940 மே மாதம் ஹிமான்ஷு ராய் இறந்தார். கூட்டாளிகள் இருவரும் சேர்ந்து வேலை செய்ய இன்னொரு சந்தர்ப்பம் வரவே இல்லை. விர்ஷிங் மட்டும் இந்தியாவிலேயே தங்கி 'மகல்', 'பாகீஸா' வரை ஒளிப்பதிவு செய்து பேர் பெற்றார்.

நிரஞ்சன் பால் 1959 நவம்பர் 9 அன்று காலமானார். லண்டனில் அவர் மணந்த ஆங்கிலப் பெண்ணுக்குப் பிறந்த மகன் காலின் பால் பம்பாய் சினிமா உலகில் விளம்பரத் துறையில் தெரிந்த பெயர், பேரன் ஒளிப்பதிவாளர். அதனால் குடும்பத்துக்குள் ஒரு பொருள் பத்திரமாக இருந்தது: 'சச் ஈஸ் லைஃப்' என்று தலைப்பிட்டுப் பால் ஆங்கிலத்தில் எழுதி வைத்த சுயசரிதை.

மௌனப் படங்கள் முந்திக்கொண்டு திரும்பி வந்தன. பிரிட்டிஷ் ஃபிலிம் இன்ஸ்டிட்யூட் 'எ த்ரோ ஆஃப் டைஸ்' படத்தைப் புதுப்பித்து, நிதின் சாஹ்னியின் புதிய இசையோடு 2007 ஆகஸ்டில் லண்டன் டிரஃபால்கர் சதுக்கத்தில் திறந்தவெளியில் திரையிட்டது. 2017இல் 'ஷிராஸ்' படம் அனுஷ்கா ஷங்கரின் இசையோடு லண்டன் திரைப்பட விழாவில் ஓடியது. இரண்டுக்கும் நடுவில், 2011இல், குசும் பந்த் ஜோஷியும் லலித் மோகன் ஜோஷியும் அந்தச் சுயசரிதையைத் தங்கள் ஆய்வோடு சேர்த்து லண்டனில் பதிப்பித்தார்கள். எழுதியவர் இறந்து 52 ஆண்டுகள் ஆகியிருந்தன. பாம்பே டாக்கீஸின் வரலாறு அதுவரை பெரும்பாலும் ராய் - தேவிகா ராணி தம்பதியின் கதையாகவே சொல்லப்பட்டுவந்தது. அதே காலத்தைக் கதை இலாகாவின் நாற்காலியிலிருந்து பார்த்தவரின் வாக்குமூலம் இப்போது அச்சில் இருக்கிறது. தமிழில் அது வந்ததாகத் தெரியவில்லை. சினிமா வரலாறு எழுதுகிற நம் பதிப்பகங்களில் ஒன்று அதை எடுத்துக்கொள்ளலாம்.